உச்சிக்குழி

பிப்ரவரி 4

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா எழுதுகிறேன். இங்கே நான் சுகம்தான். இடுப்பு மட்டும் சுகமில்லை, நாள் முழுக்கக் குகைக்குள் குனிந்தே கிடப்பதன் கூலி அது. நீயும் உன் மனைவியும் நன்றாகத் தூங்குகிறீர்களா என்று கேட்க மாட்டேன். இரண்டு மாதக் குழந்தை இருக்கிற வீட்டில் அப்படிக் கேட்பது வம்பு. சிட்டு எப்படி இருக்கிறாள்? அவள் பிறந்தபோது ஓடிவந்து பார்க்க முடியவில்லையே என்ற குறை எனக்கு இன்னும் தீரவில்லை. இந்த மலைக்கு போன் சிக்னல் ஏறுவதே கிடையாது. வாரம் ஒரு முறை தண்ணீர் லாரி வருகிறது, அதன் டிரைவர்தான் எங்கள் தபால்காரர்.

எங்களுக்கு ஒரு குழந்தை கிடைத்திருக்கிறது!

எலும்புக் குழந்தைதான். வயது ஒரு லட்சம் ஆண்டுக்கும் மேல். குகையின் உள்மூலையில், முழங்காலை மடக்கி, ஒருக்களித்துத் தூங்குகிற மாதிரி கிடந்தது. நம்மைப் போன்ற மனிதக் குழந்தை. நிமிர்ந்த நெற்றி, சின்ன முகம், துருத்திய மோவாய். தலை மட்டும் உருண்டையாக இல்லை, படகு போல நீண்டிருக்கிறது. எங்கள் அகழாய்வுக் குழுவின் தலைவி, முப்பது வருடமாக எலும்புகளோடு குடித்தனம் நடத்துகிறவர், உச்சியில் விரலை ஓட்டிவிட்டுச் சொன்னார்: "இங்க பாரு, தையலே இல்ல. சின்னதிலேயே ஒட்டிக்கிச்சு."

நம் மண்டையோடு ஒரே எலும்பு இல்லை, பல துண்டுகள். துண்டுக்கும் துண்டுக்கும் நடுவே இருக்கிற கோட்டைத் தையல் என்போம். ஏன் அப்படி என்று எப்போதாவது யோசித்திருக்கிறாயா? மனிதன் இரண்டு காலில் நிமிர்ந்து நடக்கத் தொடங்கியதில் தாயின் இடுப்பு வழி மாறிப்போயிற்று. அதே மனிதனுக்கு மூளையும் பெருத்துக்கொண்டே வந்தது. வழி சிறிது, தலை பெரிது. அதனால் நாம் எல்லாரும் மூளை முழுதும் வளர்வதற்கு முன்பே, மண்டை மூடாமலே பிறக்கிறோம். வெளியே வந்த முதல் ஆண்டிலேயே மூளை இரண்டு மடங்குக்கு மேல் வளர்கிறது. துண்டுகள் விலகி விலகி அதற்கு இடம் கொடுக்கின்றன. அம்மாவின் முகத்தையும் வீட்டாரின் பேச்சையும் வாங்கிக்கொண்டே வளர்கிற மூளை வேறு எந்த உயிருக்கு வாய்த்திருக்கிறது?

இப்போதே போய்ச் சிட்டுவின் உச்சியில் மெதுவாகக் கை வைத்துப் பார். மெத்தென்று ஒரு குழி துடிக்கும். உலகத்துக்குத் திறந்து வைத்த கதவு அது.

அன்புடன்,
அக்கா

பிப்ரவரி 22

அன்புள்ள அக்காவுக்கு,

தம்பியின் அன்பு. வீட்டில் எல்லாரும் நல்லபடியாக இருக்கிறோம். உன் இடுப்புக்கு வெந்நீர் ஒத்தடம் கொடு. தண்ணீர் லாரி வரும் நாளிலாவது கொடு.

எனக்கு வேலை தலைக்கு மேல், நிஜமாகவே தலைக்கு மேல். புதுக் கட்டடம் ஒன்றில் லிஃப்ட் பொருத்துகிறோம். அதன் குழிக்குள் நின்று அண்ணாந்து பார்த்தால் வானம் ஒரு தீப்பெட்டி அளவுக்குத் தெரியும். போன வாரம் பழைய கட்டடத்து லிஃப்டில் ஒரு வக்கீல் மாட்டிக்கொண்டார். கதவுக்கு வெளியே நின்று நான் "பயப்படாதீங்க சார்" என்றால், "பயமெல்லாம் இல்ல, கட்சிக்காரன் கூடவே மாட்டிக்கிட்டான், கேள்வியா கேட்டுக் கொல்றான்" என்கிறார்.

நீ சொன்னபடி தொட்டுப் பார்த்தேன். இங்கே பனி இன்னும் விடவில்லை.

அந்தக் குகைக் குழந்தை எத்தனை வயதில் இறந்தது? தையல் சீக்கிரமே மூடிக்கொண்டது என்று உறுதியாகத் தெரியுமா? அப்படி மூடிக்கொண்டால் என்ன ஆகும்? சும்மா தெரிந்துகொள்ளத்தான் கேட்கிறேன்.

உன் தம்பி

மார்ச் 12

அன்புள்ள தம்பிக்கு,

அக்காவின் ஆசிகள். ஒத்தடம் கொடுத்தேன், இடுப்பு உனக்கு நன்றி சொல்கிறது. சிட்டு குப்புற விழுகிறாளா? நீ அவளைப் பற்றி ஒரு வரிகூட எழுதவில்லை. அடுத்த கடிதத்தில் ஒரு பக்கமாவது வேண்டும், இல்லாவிட்டால் திருப்பி அனுப்புவேன்.

எலும்பைக் கண்டாலே ஓடுகிறவன் நீ, கேள்வி கேட்டதில் எனக்குத் தலைகால் புரியவில்லை. சொல்கிறேன், கேள். பற்களைப் பார்த்து வயது சொல்லலாம். பால் பல் விழுந்து முன்பற்கள் முளைத்துவிட்டன. ஏழு வயதாவது இருக்கும். தையல் மூடினால் எலும்பு அந்தப் பக்கம் விரிய முடியாது. மூளையோ நிற்காது. மூடாத பக்கமாகத் தள்ளிக்கொண்டு வளரும். அதனால்தான் அந்தப் படகுத் தலை.

ஏழு வயது, தம்பி! அதை நினைத்தால்தான் எனக்கு மெய் சிலிர்க்கிறது. அந்தக் குழந்தையின் கால் எலும்புகள் மெலிந்திருக்கின்றன. அதிகம் நடந்த கால்கள் இல்லை. ஆனால் அந்தக் கூட்டம் ஓரிடத்தில் இருந்த கூட்டமும் இல்லை. குகையில் கிடைத்த கல்லாயுதங்களின் கல் இந்த மலையில் கிடையாது, ஆற்றுக்கு அப்பால் வெகுதூரத்துப் பள்ளத்தாக்கில்தான் இருக்கிறது. பருவத்துக்குப் பருவம் போய்வந்திருக்கிறார்கள். அப்படியானால் இந்தக் குழந்தை எப்படிப் போய்வந்தது?

தூக்கிக்கொண்டு போயிருக்கிறார்கள்.

பசியில் வாடிய குழந்தையின் பல்லில் அதன் தழும்பு கோடாகப் படியும். இதன் பற்களில் கோடே இல்லை. கூட்டத்தில் மற்றவர்களின் பல்லில் இருக்கிறது, இதில் இல்லை! கல்லை உடைத்துக் கத்தி செய்தவர்கள், நாளைக்கு என்ன கிடைக்கும் என்று தெரியாதவர்கள், தங்கள் வாய்க்குப் போவதை இதன் வாய்க்குக் கொடுத்திருக்கிறார்கள்.

அன்புடன்,
அக்கா

ஏப்ரல் 9

அன்புள்ள அக்கா,

கடிதம் கிடைத்தது. உன் மருமகள் குப்புற விழுகிறாள், எதைக் கொடுத்தாலும் வாயில் வைக்கிறாள், என் டார்ச் விளக்கையும் விடுவதில்லை.

அந்தக் குழந்தை பேசியிருக்குமா? அம்மாவை அடையாளம் தெரிந்திருக்குமா? சிரித்திருக்குமா? உனக்குத் தெரிந்ததை மட்டும் எழுது.

தம்பி

மே 2

அன்புள்ள தம்பிக்கு,

அக்கா. உன் கடிதம் தந்தி மாதிரி இருந்தது. வழக்கமாக முதல் வரியில் எல்லாரும் நல்லபடி என்று எழுதுவாய், இந்த முறை அதைக் காணோம். லிஃப்ட் கம்பெனியில் ஏதாவது பிரச்சினையா? உன் மனைவி மருந்துக்கடை வேலைக்குத் திரும்பிவிட்டாளா? அவளை நான் மிகவும் கேட்டதாகச் சொல்.

நீ கேட்டவை எங்கள் தொழிலிலேயே மிகக் கடினமான கேள்விகள். எலும்பு சிரிப்பைச் சேமித்து வைப்பதில்லை. பேச்சும் மண்ணில் பதியாது. ஓர் உள்ளம் எப்போது உள்ளம் ஆயிற்று என்று கேட்டால் எங்கள் கையில் இருப்பது சில கற்கள், கொஞ்சம் சாம்பல், துளை போட்ட சிப்பிகள். அவற்றை வைத்துக்கொண்டு இருட்டில் கை நீட்டித் தடவுகிறோம்.

ஆனால் போன வாரம் நடந்ததைச் சொல்கிறேன். குழந்தை கிடந்த மூலைக்கு மேலே, கூரையில் களிமண் பூசினாற்போல் ஓரிடம். அதன் மேல் சுண்ணாம்பு கண்ணாடி போலப் படிந்து மூடியிருக்கிறது. விளக்கைச் சாய்த்துப் பிடித்தபோது கோடுகள் தெரிந்தன. ஈரக் களிமண்ணில் விரல்களை வைத்து இழுத்த கோடுகள், வளைந்து வளைந்து. ஏணியில் ஏறி ஒப்பிட்டுப் பார்த்தேன், என் சுண்டுவிரல்கூட அந்தக் கோட்டை விட அகலம். அவ்வளவு சின்ன விரல்கள்.

தரையில் நின்று நான் எம்பிக் கை நீட்டினாலும் அந்தக் கூரை எட்டாது. எங்கள் தலைவி கோட்டின் முனையிலிருந்து முனைவரை விளக்கை நகர்த்திக்கொண்டே போனார். அப்புறம் சொன்னார்: "தோள்ல தூக்கி வச்சிருக்காங்க. கீழ நின்னவங்க மெல்ல நடந்திருக்காங்க. அதான் கோடு இவ்ளோ நீளம் போகுது."

அது இந்தக் குழந்தைதான் என்று சத்தியம் செய்ய முடியாது. வேறு குழந்தையாகவும் இருக்கலாம். கோடுகள் எந்தக் காலத்தவை என்றும் இனிமேல்தான் அளக்க வேண்டும். ஆனால் யாரோ ஒருவர், வேட்டைக்கும் விறகுக்கும் உதவாத ஒரு காரியத்துக்காக, ஒரு குழந்தையைத் தோளில் ஏற்றி இந்த இருட்டுக்குள் நடந்திருக்கிறார். அந்தக் குழந்தை சிரித்ததா என்று கேட்டாய். நான் சாட்சி சொல்ல முடியாது. நீயே உன் மகளைத் தோளில் தூக்கிக் கூரையைத் தொடவிட்டுப் பார்.

அன்புடன்,
அக்கா

ஜூன் 6

தம்பி,

லாரி எத்தனையோ முறை வந்துவிட்டது, உன் கடிதம் இல்லை. டிரைவர் என்னைப் பார்த்ததுமே தலையை ஆட்டிவிடுகிறார். எனக்கு மனசு சரியில்லை. இரண்டு வரி போதும்.

அக்கா

ஜூன் 17

அன்புள்ள அண்ணிக்கு,

உங்கள் தம்பி மனைவி எழுதிக்கொள்வது. உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள். அவருக்குத் தெரியாமல் எழுதுகிறேன், தெரிந்தாலும் பரவாயில்லை.

சிட்டுவுக்கும் உங்கள் குகைக் குழந்தைக்கு இருந்ததுதான் அண்ணி.

பிப்ரவரியில் உங்கள் கடிதம் வந்த அன்றே அவர் அவள் உச்சியைத் தடவிப் பார்த்திருக்கிறார். குழி இல்லை. என்னிடம்கூடச் சொல்லாமல் ஒரு வாரம் தனக்குள்ளேயே வைத்துப் புழுங்கியிருக்கிறார். அவள் தலை கொஞ்சம் நீளம் என்று எனக்கும் தெரியும், வளர வளரச் சரியாகிவிடும் என்று இருந்துவிட்டேன். அப்புறம் ஸ்கேன் எடுத்தோம். இரண்டு தையல்கள் மூடிவிட்டனவாம். முதல் பிறந்தநாளுக்குள் மண்டை எலும்பைப் பிரித்து மாற்றிப் பொருத்த வேண்டும், தள்ளிப் போட்டால் மூளையில் அழுத்தம் ஏறும் என்கிறார் டாக்டரம்மா.

அவர் ஒப்புக்கொள்ளவில்லை. உங்கள் மார்ச் மாதக் கடிதம் அவர் சட்டைப் பையிலேயே இருக்கிறது. மடித்து மடித்துக் கிழியும் நிலைக்கு வந்துவிட்டது. அதை டாக்டரம்மாவிடமே நீட்டி, "லட்சம் வருஷத்துக்கு முன்னாடி ஒரு குழந்தைக்கு இதே மாதிரி இருந்துச்சு. யாரு தலைய தொறந்தாங்க? ஏழு வருஷம் நல்லா வாழலயா?" என்று கேட்டார். அந்த அம்மா என்னைப் பார்த்தார்கள்.

வெளியே வந்ததும் நான் கேட்டேன், "உங்களுக்கு ஏழு வருஷம் போதுமா?" என்று. அன்றிலிருந்து அவர் என்னோடு சரியாகப் பேசுவதில்லை. பயத்தைக் கோபம் என்று பெயர் மாற்றி வைத்துக்கொண்டு திரிகிறார். உங்கள் பேச்சைத்தான் கேட்பார். ஏதாவது எழுதுங்கள்.

உங்கள் அன்பு,
சிட்டுவின் அம்மா

ஜூன் 29

தம்பி,

உன் மனைவி எழுதிவிட்டாள். அவளைக் கோபித்துக்கொண்டாயானால் லாரியில் ஏறி நேராக அங்கே வந்து நிற்பேன்.

"போய்த் தொட்டுப் பார்" என்று எழுதினேனே. நீ பிப்ரவரியிலிருந்து இதைச் சுமந்துகொண்டு எனக்கு வக்கீல் கதை எழுதியிருக்கிறாய். பைத்தியக்காரா.

இப்போது நான் சொல்வதை உட்கார்ந்து படி. நான் எழுதியதில் பொய் கிடையாது, ஆனால் பாதிதான் எழுதினேன். பார்த்தவற்றில் என்னை நெகிழ வைத்ததை மட்டும் உனக்கு அனுப்பினேன். மீதியை இப்போது எழுதுகிறேன்.

அந்த மண்டையோட்டின் உட்புறத்தைச் சுத்தம் செய்தோம். சுவர் முழுக்கப் பள்ளங்கள், மாவில் கட்டைவிரலை அழுத்தினாற்போல. கொஞ்சம் இருந்தால் அது எல்லாக் குழந்தைகளுக்கும் உண்டு. இதில் இடைவெளியே இல்லை, எலும்பு சில இடங்களில் காகிதமாகத் தேய்ந்திருக்கிறது. இடம் கேட்டு மூளை ஏழு வருடம் சுவரை முட்டியிருக்கிறது. தலைவலியில் அந்தக் குழந்தை எப்படித் துடித்திருக்கும் என்று எனக்குத் தெரியாது. கடைசி நாட்களில் கண் தெரிந்திருக்குமா என்பதே சந்தேகம். நன்றாக வாழ்ந்தது என்று நீ சொல்கிறாய். நன்றாகப் பார்த்துக்கொண்டார்கள், அதைத்தான் நான் சொன்னேன்.

அவர்கள் யாரும் கைகட்டி நிற்கவில்லை தம்பி. தூக்கத் தெரிந்தது, தூக்கினார்கள். ஊட்டத் தெரிந்தது, ஊட்டினார்கள். தலையைத் திறந்து இடம் செய்யத் தெரிந்திருந்தால் அதையும் செய்திருப்பார்கள். அதைத் தெரிந்துகொள்ள மனிதருக்கு இவ்வளவு காலம் ஆயிற்று. ஒருவர் கண்டதை இன்னொருவரிடம் சொல்லி, அவர் தன் மாணவருக்குச் சொல்லி, தவறியதையும் மறைக்காமல் சொல்லி, செத்தவர்கள் கற்றதை இருக்கிறவர்கள் மறக்காமல் வைத்திருந்து, எத்தனையோ ஆயிரம் தலைமுறை கை மாறி, இன்று உன் ஊர் ஆஸ்பத்திரியில் ஒரு டாக்டரம்மாவின் விரல் நுனிக்கு வந்து சேர்ந்திருக்கிறது. எங்கள் குகையில் நான் பார்த்த எந்த அதிசயமும் இதற்குப் பக்கத்தில் வராது.

நீ பயப்படாதே என்று சொல்ல மாட்டேன். எனக்கே பயமாக இருக்கிறது. பயந்துகொண்டே தூக்கிக்கொண்டு போ.

அக்கா

ஆகஸ்ட் 14

அன்புள்ள அக்கா,

ஆஸ்பத்திரியில், மூன்றாவது மாடியில், லிஃப்டுக்கு எதிரே இருக்கிற பெஞ்சில் உட்கார்ந்து எழுதுகிறேன். சிட்டு உள்ளே இருக்கிறாள். காலையில் கொண்டு போனார்கள்.

உன் கடிதத்தைப் படித்ததும் உன் மேல் வந்த கோபத்துக்கு அளவே இல்லை. அதைச் சமையலறை மேடையில் வீசிவிட்டு வேலைக்குப் போய்விட்டேன். திரும்பி வந்தால் சிட்டுவின் அம்மா அதையே படித்துக்கொண்டிருக்கிறாள். "சத்தமா படிங்க, நானும் கேக்கறேன்" என்றாள். படித்தேன். "இடம் கேட்டு" என்கிற இடத்துக்கு மேல் என்னால் படிக்க முடியவில்லை, மீதியை அவள் படித்தாள். நான் அழுதேன் என்று உன்னிடம் சொல்லக்கூடாது என்று அவளிடம் சொல்லியிருக்கிறேன்.

மறுவாரம் டாக்டரம்மாவைப் பார்த்தோம். "எப்படித்தான் தொறப்பீங்க?" என்று கேட்டேன். காகிதத்தில் வரைந்து காட்டினார்கள். எலும்பைத் துண்டு துண்டாகக் கழற்றி, வளைவைத் திருத்தி, இடைவெளி விட்டுத் திரும்பப் பொருத்துவார்களாம். "அப்புறம் மூளை வளருமா?" என்றேன். "அது எப்பவுமே வளரத் தயார்தான் தம்பி. எடம்தான் கேக்குது. நாம எடம் விட்டா போதும், மிச்சத்த அது பாத்துக்கும்" என்றார்கள். கையெழுத்துப் போட்டேன். ஆபரேஷன் நாளைச் சொன்னால் நீ மலையிலிருந்து உருண்டு விழுந்தாவது வருவாய் என்றுதான் சொல்லவில்லை.

இந்த லிஃப்ட் கதவு கீச்சிடுகிறது. ஒவ்வொரு முறை திறக்கும்போதும் என் உயிர் போய்வருகிறது, உள்ளேயிருந்து யாரோ கூப்பிட வருகிறார்கள் என்று. பொறுக்க முடியாமல் எழுந்து கீழ்த் தடத்தில் சிக்கியிருந்த குப்பையைப் பேனாக் கத்தியால் நோண்டி எடுத்துவிட்டேன். ஆயா வந்து, "யாருய்யா நீ, லிஃப்ட பிரிக்கற?" என்று போட்ட சத்தத்தில் மாடியே திரும்பிப் பார்த்தது. இவள் முந்தானையால் வாயை மூடிக்கொண்டு சிரித்தாள். எத்தனை மாதத்துக்கு அப்புறம் சிரிக்கிறாள். உடனே அழுதாள்.

இப்போது மறுபடி எழுதுகிறேன். முடிந்துவிட்டது அக்கா. நன்றாக முடிந்தது. டாக்டரம்மா வெளியே வந்து பெஞ்சிலேயே என் பக்கத்தில் உட்கார்ந்தார்கள், களைத்துப்போய். எனக்கு என்ன கேட்பதென்று தெரியாமல், "மூளைய பாத்தீங்களா?" என்று கேட்டுவிட்டேன். அவர்கள் சிரிக்கவில்லை.

"மேல உறை இருக்கும், அதுக்குள்ளதான். எலும்ப எடுத்ததும் நல்லா துடிக்க ஆரம்பிச்சுது. எத்தன தடவ பாத்தாலும் எனக்கு ஒரு நிமிஷம் கை நின்னுடும். இந்தப் பொண்ணு நாளைக்கு நெனைக்கப் போறது, பேசப் போறது, சண்டை போடப் போறது எல்லாம் அங்கதான இருக்கு."

அவளைப் பார்க்க உள்ளே கூப்பிடுகிறார்கள், போகிறேன்.

தம்பி

செப்டம்பர் 3

என் அன்புத் தம்பிக்கும் தம்பி மனைவிக்கும்,

அக்கா எழுதுகிறேன். லாரி நின்ற இடத்திலேயே உறையைப் பிரித்துவிட்டேன். என் முகத்தைப் பார்த்துப் பயந்துபோன டிரைவர் இன்ஜினை அணைத்துவிட்டு இறங்கி வந்து நின்றார். "நல்ல சேதிதான்" என்று சொல்லிக் கடிதத்தை அவரிடமே நீட்டினேன்.

கூடாரத்தில் எல்லாரும் கூடிவிட்டார்கள். சத்தமாகப் படித்தேன். டாக்டரம்மா சொன்னதைப் படித்தபோது எங்கள் தலைவி எழுந்து வெளியே போய்விட்டார். திரும்பி வந்து, "நாம இத்தன வருஷமா காலி மண்டையோட்டத்தான் பாத்துட்டு இருக்கோம். அந்தம்மா உள்ள இருக்கறவங்கள பாத்துட்டாங்க" என்றார்.

இன்னொரு சேதி. பல்லின் மேல்பூச்சைச் சோதனைக்கு அனுப்பியிருந்தோம், முடிவு வந்துவிட்டது. குகைக் குழந்தை பெண்.

நவம்பரில் விடுமுறை கேட்டிருக்கிறேன். சிட்டு என்ன செய்கிறாள் என்று விடாமல் எழுது. காய்ச்சல் உண்டா, காயம் ஆறுகிறதா, எல்லாம்.

அக்கா

அக்டோபர் 19

அன்புள்ள அக்காவுக்கு,

தம்பியும் குடும்பமும் எழுதிக்கொள்வது. காய்ச்சல் இல்லை. காயம் ஆறிவிட்டது. காதுக்குக் காது தழும்பு ஒன்று ஓடுகிறது, முடி வளர்ந்தால் மறைந்துவிடும். பிடித்துக்கொண்டு நிற்கிறாள். ஆறு மாதம் கழித்து இன்னொரு ஸ்கேன் பார்க்கச் சொல்லியிருக்கிறார்கள், அதுவரை பயம் கொஞ்சம் இருக்கத்தான் செய்யும், இருக்கட்டும்.

நேற்று ஒன்று நடந்தது. உன்னைத் தவிர வேறு யாரிடம் சொன்னாலும் "இதுக்கா?" என்பார்கள்.

எங்கள் ஜன்னலுக்கு எதிரே கட்டடம் கட்டுகிறார்கள். சிவப்பு நிறத்தில் ஒரு கிரேன். நான் அவளை இடுப்பில் வைத்துக்கொண்டு ஒரு கையால் சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டிருந்தேன். வேலைக்கு நேரமாகிவிட்டது. அந்தக் கிரேன் ஒரு இரும்புக் கட்டைத் தூக்கிக்கொண்டு மெதுவாகத் திரும்பியது. சிட்டு மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்த்தாள். பிறகு கையை நீட்டி, ஒற்றை விரலால் அதைக் காட்டினாள்.

டார்ச் விளக்கு வேண்டுமென்றால் கையை விரித்துத் தாவிக் கத்துவாள். இது அது இல்லை. கிரேன் அவளுக்கு வேண்டியதில்லை. விரலை அங்கேயே வைத்துக்கொண்டு திரும்பி என் முகத்தைப் பார்த்தாள் அக்கா. என் கண் எங்கே போகிறது என்று பார்த்தாள். நான் பொத்தானைப் பார்த்துக்கொண்டிருந்தேன். "ங்" என்று அதட்டினாள். நான் கிரேனைப் பார்த்தேன். அவள் அதைப் பார்த்தாள், மறுபடி என்னைப் பார்த்தாள், எனக்கும் தெரிந்துவிட்டது என்று தெரிந்ததும் முகமெல்லாம் மலர்ந்தது.

என் தலைக்குள் ஒருவன் இருக்கிறான், தான் பார்த்ததை அவனும் பார்க்க வேண்டும் என்று அவளுக்கு யார் சொல்லிக்கொடுத்தார்கள்?

வேலைக்குப் போகவில்லை. சிட்டுவின் அம்மாவைக் கூப்பிட்டேன், மூவரும் ஜன்னலில் நின்றோம். கிரேன் இரும்பைத் தூக்கிக்கொண்டு போனது, வெறுங்கையோடு வந்தது, மறுபடி தூக்கியது. சிட்டு ஒவ்வொரு முறையும் காட்டினாள். நாங்கள் ஒவ்வொரு முறையும் பார்த்தோம்.

உன் தம்பி